பெயரை மாற்றினால் சேவ் ஏன் போக வேண்டும்? பிளேஸ்டேஷன் நெட்வொர்க் பொறுப்பாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

சோனி இன்டராக்டிவ் என்டர்டெயின்மென்ட் நிறுவனத்தில் பிளேஸ்டேஷன் நெட்வொர்க்கைக் கவனித்துக்கொள்ளும் குழுவினருக்கு,

வணக்கம்.

மற்ற ஆட்டக்காரர்களுக்குத் தெரியும் பெயரான ஆன்லைன் ஐடியை மாற்றும் வசதியை 2019 ஏப்ரலில் எல்லோருக்கும் திறந்துவிட்டீர்கள். பிளேஸ்டேஷன் கன்சோல் என்னும் விளையாட்டுக் கருவிகளை இணையத்தில் இணைக்கும் அந்த நெட்வொர்க் தொடங்கியது 2006 நவம்பரில், பிளேஸ்டேஷன் 3 வந்தபோது. இடைப்பட்ட 12 ஆண்டுகளுக்கும் மேலாக, முதல் நாள் தட்டிய பெயர்தான் கடைசிவரை. எட்டாம் வகுப்பில் வைத்த ‘டார்க்_கில்லர்_99’ வகையறாப் பெயரோடு கல்யாணம் வரை வந்தவர்கள் ஏராளம். அந்த வசதி வந்ததற்கு நன்றி சொல்லிவிட்டு, அதில் இன்னும் அரைகுறையாகக் கிடப்பவற்றைப் பற்றிப் பேசுகிறோம்.

பெயர் மாற்றும் திரையில் ஓர் எச்சரிக்கை வருகிறது. காசு கொடுத்து வாங்கிய கூடுதல் உள்ளடக்கமும் விளையாட்டுக்குள் உள்ள நாணயமும் கைவிட்டுப் போகலாம். சேவ் (ஆட்டத்தில் எட்டிய இடத்தைக் காக்கும் பதிவு), லீடர்போர்டு (மதிப்பெண் தரவரிசை), டிராஃபி (சாதனைப் பதக்கம்) முன்னேற்றம் அழியலாம். விளையாட்டின் சில பகுதிகள் ஆன்லைனிலும் ஆஃப்லைனிலும் சரியாக இயங்காமல் போகலாம். பழைய பெயர் சில இடங்களில் அப்படியே தெரியலாம். எல்லாமே ‘லாம்’. எந்த விளையாட்டில், எது, எதனால் என்ற விவரம் இல்லை. படிப்பவர் ஒன்று பயந்து பின்வாங்குகிறார், இல்லையென்றால் படிக்காமலே ஒப்புதல் பொத்தானை அழுத்துகிறார். இரண்டுமே எச்சரிக்கைக்குத் தோல்விதான்.

இத்தனைக்கும் உங்கள் சொந்த அமைப்பு பெயரை நம்பி நிற்கவில்லை. பிளேஸ்டேஷன் 4-இலிருந்து ஒரு சேவ் ஃபைலைப் பென்டிரைவில் நகலெடுத்து, அந்தப் பென்டிரைவைக் கணினியில் திறந்தால் போதும். ‘பிஎஸ்4’ என்ற ஃபோல்டருக்குள் ‘சேவ்டேட்டா’, அதற்குள் 16 எழுத்து-எண் கொண்ட ஒரு ஃபோல்டர், அதற்குள் ‘சியூஎஸ்ஏ’ என்று தொடங்கும் விளையாட்டுக் குறியீடுகள். அந்த 16 இலக்கம்தான் கணக்கின் நிரந்தர எண். ஆன்லைன் ஐடி அந்தப் பாதையில் எங்கும் வராது. வாங்கிய விளையாட்டுகள், ‘பிளேஸ்டேஷன் பிளஸ்’ என்ற கட்டணச் சந்தா, நண்பர் பட்டியல், கிடைத்த டிராஃபிகள் எல்லாம் கணக்கோடு இருப்பவை. பெயர் மாறினாலும் கூடவே வரும். உள்நுழையத் தரும் மின்னஞ்சலும் வேறு, ஆன்லைன் ஐடியும் வேறு. வாசலில் உள்ள பெயர்ப்பலகையை மாற்றினால் வீட்டுப் பத்திரம் செல்லாமல் போவதில்லையே, அப்படித்தான் இதுவும் இருக்க வேண்டும்.

அப்படி இல்லாததற்குக் காரணம் விளையாட்டுகளுக்குள் இருக்கிறது. நிரல் எழுதியவர்களுக்குக் கணக்கு எண்ணும் இருந்தது, 16 எழுத்துக்குள் அடங்கும் ஆன்லைன் ஐடியும் இருந்தது. பெயர் என்றைக்கும் மாறாது என்பது ஊரறிந்த விதியாக இருந்ததால், பலர் ஆளை அடையாளம் காணப் பெயரையே சாவியாக வைத்துக்கொண்டார்கள். அவர்களை மட்டும் குறை சொல்வதில் நியாயமில்லை. மாறாது என்ற நம்பிக்கையை 12 ஆண்டுகள் ஊட்டியது நீங்கள்.

கோளாறு மூன்று விதமாக வருகிறது. விளையாட்டின் சர்வர் பெயரை வைத்து ஆளைத் தேடினால், புதுப் பெயரோடு நுழைபவர் அதற்குப் புது ஆள். முதல் நிலையிலிருந்து தொடங்கச் சொல்லும். பழைய பதிவு அழியவில்லை, பழைய பெயரின் கீழ் அனாதையாகக் கிடக்கிறது. பழைய பெயருக்குத் திரும்பினால் பெரும்பாலான கோளாறுகள் சரியாகிவிடும் என்று நீங்கள் சொல்வது இதனால்தான். இரண்டாவது, சேவ் ஃபைலுக்குள்ளேயே பெயரை எழுதிவைத்து, திறக்கும்போது ஒப்பிட்டுப் பார்க்கும் விளையாட்டுகள். பெயர் பொருந்தவில்லையா, இந்த சேவ் வேறொருவருடையது என்று கைவிரித்துவிடும். இது ஆஃப்லைனிலும் நடக்கும். மூன்றாவது, லீடர்போர்டிலும் ஆட்டக்காரர்கள் உருவாக்கிப் பகிர்ந்தவற்றிலும் பழைய பெயர் ஒட்டிக்கொண்டு நிற்பது. பலருக்கு இது பொருட்டே இல்லை. யாரோ ஒருவரின் தொல்லையிலிருந்து தப்பிக்கப் பெயரை மாற்றியவருக்கு மட்டும் இதுதான் எல்லாவற்றையும்விடப் பெரியது.

இவற்றோடு உங்கள் எச்சரிக்கையில் இல்லாத ஒன்றும் இருக்கிறது: தானியங்கி சேவ். பெயர் மாறியபின் விளையாட்டைத் திறக்கிறோம். அது நம்மைப் புது ஆள் என்று நினைத்து வெற்று முன்னேற்றத்தோடு தொடங்கி, ஆட்டோசேவ் செய்துவிடுகிறது. அதே கையோடு கன்சோல் அந்த வெற்று சேவ் ஃபைலைக் கிளவுடில் (இணையச் சேமிப்பில்) ஏற்றி, அங்கிருந்த நல்ல சேவின் மேல் எழுதிவிடுகிறது. அதன் பிறகு பழைய பெயருக்குத் திரும்பினாலும் திரும்பிவர எதுவும் மிச்சமில்லை. மீளக்கூடிய கோளாறு மீள முடியாததாக மாறுவது இந்த இடத்தில்தான்.

ஆகவே உங்கள் உதவிப் பக்கம் பொத்தான் எங்கே இருக்கிறது என்பதைச் சொல்வதற்கு முன், செய்ய வேண்டியவற்றை வரிசையாகச் சொல்ல வேண்டும். முதலில் ஓடிக்கொண்டிருக்கும் விளையாட்டுகளை ரெஸ்ட் மோடில் (உறக்க நிலையில்) விடாமல் முழுவதும் மூட வேண்டும். பிளஸ் சந்தா உள்ளவர்கள் சேவ்களைக் கிளவுடில் ஏற்றிவிட்டு, தானாக ஒத்திசைக்கும் ஆட்டோ-சிங்க் வசதியை நிறுத்திவைக்க வேண்டும். பிளேஸ்டேஷன் 4 சேவ்களை பென்டிரைவிலும் நகலெடுக்கலாம்; பென்டிரைவ் எக்ஸ்ஃபேட் அல்லது ஃபேட்32 வடிவத்தில் இருக்க வேண்டும், என்டிஎஃப்எஸ் வடிவத்தைக் கன்சோல் படிக்காது. பிளேஸ்டேஷன் 5-க்கென்று வந்த விளையாட்டுகளின் சேவ் ஃபைலைத் தனியாகப் பென்டிரைவில் எடுக்க நீங்கள் வழி வைக்கவில்லை. பிளஸ் இல்லாதவருக்கு, கன்சோலின் தரவை யூஎஸ்பி டிரைவில் பேக்கப் எடுப்பது ஒன்றுதான் மிச்சம். ‘செட்டிங்ஸ்’, ‘சிஸ்டம்’, ‘சிஸ்டம் சாஃப்ட்வேர்’, ‘பேக்கப் அண்ட் ரெஸ்டோர்’ என்று போக வேண்டும்.  

இத்தனையும் முடிந்தபிறகே பெயர். பிளேஸ்டேஷன் 5-இல் ‘செட்டிங்ஸ்’, ‘யூசர்ஸ் அண்ட் அக்கவுன்ட்ஸ்’, ‘அக்கவுன்ட்’, ‘ப்ரொஃபைல்’, ‘ஆன்லைன் ஐடி’. பிளேஸ்டேஷன் 4-இல் ‘செட்டிங்ஸ்’, ‘அக்கவுன்ட் மேனேஜ்மென்ட்’, ‘அக்கவுன்ட் இன்ஃபர்மேஷன்’, ‘ப்ரொஃபைல்’, ‘ஆன்லைன் ஐடி’. பிரவுசரிலும் செய்யலாம். பிளேஸ்டேஷன் 3, கையடக்கக் கன்சோலான வீட்டா இரண்டிலும் இந்த வசதியே கிடையாது; அவற்றின் விளையாட்டுகள் பெயர் மாற்றத்தைத் தாங்கும் என்ற உறுதியும் கிடையாது. அந்தப் பழைய கன்சோல்களில் இன்னும் முடிக்காத ஆட்டம் வைத்திருப்பவர் அதை முடித்துவிட்டு மாற்றுவது நல்லது.

மாற்றியபின், அதிகம் ஆடிய விளையாட்டை முதலில் திறக்கக் கூடாது. போனாலும் கவலையில்லை என்கிற ஒன்றைத் திறந்து பார்த்துவிட்டு, பிறகு ஒவ்வொன்றாக. எங்காவது முதல் நிலையில் கொண்டுபோய் நிறுத்தினால் அங்கேயே மூடிவிட்டுப் பழைய பெயருக்குத் திரும்ப வேண்டும். அதற்குக் கட்டணம் இல்லை. எல்லாம் சரி என்று தெரிந்தபின் ஆட்டோ-சிங்க்கை மறுபடி போட்டுக்கொள்ளலாம்.

இனி எங்கள் கோரிக்கைகள்.

2018 ஏப்ரல் 1 அன்றோ அதற்குப் பின்போ வெளியான பிளேஸ்டேஷன் 4 விளையாட்டுகள் பெயர் மாற்றத்தை ஏற்கும்படி செய்யப்பட்டவை என்கிறீர்கள், அடுத்த வரியிலேயே எல்லாவற்றுக்கும் உத்தரவாதம் இல்லை என்கிறீர்கள். அதற்கு முந்தையவற்றில் கடுமையான சிக்கல் உள்ளவை என்று ஒரு சிறு பட்டியலை 2019-இல் வெளியிட்டீர்கள். ‘லிட்டில்பிக்பிளானட் 3’, ‘எவ்ரிபடிஸ் கோல்ஃப்’ இரண்டும் அதில் இருந்தன. இரண்டும் சோனியே வெளியிட்டவை. வெளியார் தலையில் பழியைப் போட இடமில்லை. முன்னதன் சர்வர்கள் 2024-இல் நிரந்தரமாக மூடப்பட்டன, பின்னதன் ஆன்லைன் சேவை 2022-இலேயே முடிந்தது. சர்வர் போனால் கோளாறின் தன்மையும் மாறும். அப்டேட் வந்தாலும் மாறும். ஒருமுறை எழுதி ஒட்டிவைக்கும் பட்டியலால் இதைச் சமாளிக்க முடியாது.

யார் எந்த விளையாட்டை வாங்கினார், எதில் எத்தனை டிராஃபி எடுத்தார், எத்தனை மணி நேரம் ஆடினார் என்பதெல்லாம் உங்களிடம் இருக்கிறது. ஆண்டு முடிவில் அழகான தொகுப்பாக அனுப்பிவைக்கிறீர்கள். அதே தரவை வைத்து, ஒப்புதல் பொத்தானுக்கு மேலே அந்தந்தக் கணக்கின் விளையாட்டுகளை மட்டும் காட்டுங்கள்: சோதித்ததில் சிக்கல் இல்லை, இன்ன சிக்கல் உண்டு, சோதிக்கவில்லை என்று மூன்றே வகை. ‘சோதிக்கவில்லை’ என்று ஒப்புக்கொள்வதில் வெட்கம் ஒன்றுமில்லை. எங்களுக்கு அந்த ஒரு சொல்லே போதுமான எச்சரிக்கை. பெயர் மாறிய கணக்குக்கு முதல் சில நாட்கள் ஆட்டோ-சிங்க்கை நீங்களே நிறுத்திவைத்து, பழைய கிளவுட் சேவின் நகல் ஒன்றையும் தனியே காப்பாற்றினால் பாதி அழுகை நின்றுவிடும்.

அடுத்தது கட்டணம். முதல் மாற்றம் இலவசம். அதன்பின் அமெரிக்கக் கடையில் 9.99 டாலர், பிளஸ் சந்தாதாரருக்கு 4.99 என்று அறிவித்தீர்கள். உங்கள் போட்டியாளரான மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸிலும் 9.99 டாலர் உண்டு என்பதால் நீங்கள் மட்டும் வாங்குவதாகச் சொல்ல முடியாது. நின்டெண்டோ ஸ்விட்சில் 10 எழுத்துப் புனைபெயரை எப்போது வேண்டுமானாலும் காசில்லாமல் மாற்றலாம். ஆளை அடையாளம் காட்டுவது 12 இலக்க நண்பர் குறியீடு, அதைப் புதிதாக வாங்க மட்டும் 30 நாள் இடைவெளி வேண்டும். அடிக்கடி பெயரை மாற்றி ஆட்டம் காட்டுபவர்களைத் தடுக்கத்தான் கட்டணம் என்றால், அந்த வேலையைக் காலஇடைவெளி இன்னும் நன்றாகச் செய்யும். தொல்லை தருபவனுக்கு ஐந்து டாலர் பெரிதில்லை, ஆறு மாதக் காத்திருப்பு பெரிது.

கட்டணம் வாங்கித்தான் ஆக வேண்டுமென்றால், எழுத்துப்பிழைக்காவது விலக்கு கொடுங்கள். இலவச மாற்றத்தில் ஓர் எழுத்தைத் தவறாகத் தட்டிவிட்டவர் பழைய பெயருக்கு இலவசமாகத் திரும்பலாம், பிழையைத் திருத்துவதற்கோ காசு கட்ட வேண்டும். 24 மணி நேரத்துக்குள் ஒரு திருத்தம் என்று வைத்தால் யாருக்கு என்ன நஷ்டம்?

இலங்கையில் ஆடுபவர்களின் நிலை இன்னும் சிரமம். கணக்குத் தொடங்கும்போது வரும் நாடுகளின் பட்டியலில் இலங்கை இல்லை. யாழ்ப்பாணத்தில் கன்சோல் வைத்திருப்பவர் வேறொரு நாட்டைத் தேர்ந்துதான் கணக்குத் திறக்கிறார், திறந்தபின் அந்த நாட்டை மாற்ற வழியில்லை. பெயர் மாற்றக் கட்டணத்துக்குக்கூட அந்த நாட்டின் கிஃப்ட் கார்டை எங்கிருந்தாவது வாங்கி வாலெட்டில் ஏற்ற வேண்டும். அதற்கு இடைத்தரகர் வைக்கும் லாபம் தனி.

பழைய பெயரை 30 நாள் புதுப் பெயருக்குப் பக்கத்தில் காட்டலாமா என்று மாற்றும்போது கேட்கிறீர்கள். நண்பர்கள் அடையாளம் காண நல்ல ஏற்பாடு. ஆனால் ஒருமுறை சொன்ன பதிலை மாற்ற முடியாது என்பது சரியில்லை. காட்டு என்று சொன்னவர் மூன்றாம் நாளில் ஒரு தொல்லையைச் சந்தித்தால், மீதி 27 நாளும் அவர் பழைய பெயரைச் சுமந்துகொண்டுதான் திரிய வேண்டும். நிறுத்தும் பொத்தான் ஒன்று வேண்டும். புதிதாகக் காட்டத் தொடங்கும் வசதி வேண்டாம், நிறுத்துவது மட்டும் போதும்.

கடைசியாகப் பெயர்களின் தட்டுப்பாடு. 3 முதல் 16 எழுத்து, முதல் எழுத்து ஆங்கில எழுத்தாகவே இருக்க வேண்டும், பிறகு எண், இடைக்கோடு, அடிக்கோடு. ஒரு பெயர் ஒருவருக்கே. கைவிட்ட பழைய பெயரையும் வேறு யாருக்கும் தருவதில்லை. ஆள்மாறாட்டத்தைத் தடுக்கும் அந்த முடிவை நாங்கள் முழுமனதாக ஆதரிக்கிறோம். ஆனால் அதன் விளைவு, மாறுகிறவர் ஒவ்வொருவரும் இரண்டு பெயர்களைப் பூட்டிவைக்கிறார். மாதந்தோறும் 10 கோடிக்கும் மேற்பட்டவர்கள் வந்துபோகும் நெட்வொர்க்கில், 2006-இலிருந்து சேர்ந்த பெயர்களைத் தாண்டி ‘செல்வி’ என்றோ ‘கார்த்திக்’ என்றோ ஒருவருக்கு இனிக் கிடைக்குமா? கடைசியில் மறுபடியும் ஒரு அடிக்கோடும் 99-உம்.

எக்ஸ்பாக்ஸ் 2019-இல் இதற்கு ஒரு வழி கண்டது. பெயருக்கு 12 எழுத்து. அதே பெயரை ஏற்கெனவே ஒருவர் வைத்திருந்தால், அடுத்தவருக்கு ஒரு ஹேஷ் குறியும் சில எண்களும் பின்னால் சேரும். காட்டும்போது பெயர் பெரிதாக, எண் சிறிதாக. தேவநாகரி, வங்காளம் உட்பட 13 எழுத்துமுறைகளையும் சேர்த்துக்கொண்டார்கள். அங்கே விளையாட்டுகள் ஆளை அறிவது உள்ளிருக்கும் எண்ணால் என்பதால் அது முடிந்தது. உங்களிடமும் அந்த எண் இருக்கிறது. புது விளையாட்டுகளுக்கு, ஆன்லைன் ஐடியைத் திரையில் காட்ட மட்டுமே பயன்படுத்தலாம், சேமிப்பதற்கோ தேடுவதற்கோ கூடாது என்று சான்றளிப்பு விதியிலேயே எழுதி, அதை மீறினால் வெளியீட்டை நிறுத்துங்கள். அது உறுதியானபின் தமிழ் எழுத்தில் ஐடி கேட்டு இன்னொரு மடல் எழுதுகிறோம்; ‘ஸ்ரீ’யை எத்தனை எழுத்தாக எண்ணுவீர்கள் என்ற கேள்வியோடு.

இப்படிக்கு,
ஆன்லைன் ஐடியை மாற்றியவர்களும் மாற்றத் தயங்கி நிற்பவர்களும்