தருண் கேட்ட கேள்விக்கு பதில்

டேய் மாதேசா,

எப்படிடா இருக்க, தங்கச்சி நல்லா இருக்கா. இங்க கிருஷ்ணகிரில எல்லாரும் சௌக்கியம், அம்மாவுக்கு முட்டி வலி தான் விட்டு விட்டு வருது, ஆனா காலைல களி கிண்டி போடாம என்னை ஓசூர் பஸ் ஏற விடமாட்டாங்க. மாங்கா சீசன் முடியப் போவுது, பெங்களூரா நல்லா தான் காய்ச்சுது, கூழ் பேக்டரில குடுக்கற வெல பறிக்கற கூலிக்கும் டெம்போ வாடகைக்கும் சரியா போச்சுன்னு அண்ணன் சொல்றான், பாதி மரத்தை எடுத்துட்டு வேற ஏதாவது போடலாமான்னு யோசிக்கறான், எனக்கு மனசே வரல, நம்ம ஏறி விளையாண்ட மரம்டா அது எல்லாம்.

சரி நம்ம பையன் தருண் விஷயத்துக்கு வரேன். காலேஜ்ல ரேஸ் கார் கட்டற டீம்ல சேந்துட்டான்னு கேட்டதுல இருந்து எனக்கு சந்தோஷம் தாங்கல. இத்துனூண்டு எஞ்சின்ல இருந்து எப்படி 700, 800 எச்பி வருதுன்னு மாமாகிட்ட கேட்டு சொல்லுங்கன்னு உன்கிட்ட சொல்லி விட்டிருக்கான் பாரு, வருஷக்கணக்கா சிலிண்டரை உள்ள கடைஞ்சு போர் அடிச்சு, சுவர்ல மெல்லிசா கோடு விழற மாதிரி தேச்சு ஹோனிங் பண்ணி போர் கேஜ் விட்டு மைக்ரான் பாத்துட்டு இருக்கறவன் நான், இதை போன்ல ரெண்டு வார்த்தைல சொல்ல முடியாது, அதான் உக்காந்து எழுதறேன், அவனையும் பக்கத்துல வச்சு படி.

மூணு சிலிண்டர் எடுத்துக்கோ, மூணும் ஏறக்குறைய ஒரே சைஸ். ஒண்ணு இப்ப வர்ற புல்லட் 350, 349 சிசி. ரெண்டாவது நம்ம ஓசூர்லயே செய்யற அப்பாச்சி ஆர்ஆர் 310, 312 சிசி. மூணாவது ஃபார்முலா ஒன்ல 2006ல இருந்து 2013 வரைக்கும் ஓடுன 2.4 லிட்டர் வி8, அதுல எட்டு சிலிண்டர், எட்டால வகுத்தா சிலிண்டருக்கு 300 சிசி. புல்லட் 20 எச்பி, ஆர்ஆர் 2017ல வந்தப்ப 34, அந்த வி8 மொத்தமா 750 கிட்ட, அப்ப ஒரு சிலிண்டருக்கே 90க்கு மேல. மூணுத்துலயும் சின்ன சிலிண்டர் எதுன்னு பாரு, பவர் எதுல அதிகம்னு பாரு.

இப்ப டார்க் பாரு, அதாவது எஞ்சின் சுத்தற முறுக்கு பலம், இங்க தான் விஷயமே இருக்கு. புல்லட் 27 நியூட்டன் மீட்டர், ஆர்ஆர் 27.3, அந்த வி8ல ஒரு சிலிண்டருக்கு கணக்கு போட்டா 37 கிட்ட வரும். எச்பில நாலு மடங்குக்கு மேல வித்தியாசம், டார்க்ல ஒண்ணரை மடங்கு கூட இல்ல. ஏன்னா 300 சிசி சிலிண்டர் முழுக்க நிறையற மாதிரி காத்து இழுத்தா அந்த காத்தோட எடையே ஒரு கிராம்ல மூணுல ஒரு பங்கு தான், அதை வச்சு 25 மில்லிகிராம் பெட்ரோல் தான் ஒழுங்கா எரிக்க முடியும், புல்லட்டா இருந்தாலும் சரி ரேஸ் காரா இருந்தாலும் சரி. கலவைய நசுக்கற கம்ப்ரெஷன் ஏத்தலாம், நாலு வால்வு வைக்கலாம், காத்து உள்ள வர்ற இன்டேக் பைப்போட நீளத்தை சரியா பிடிச்சா அதுக்குள்ள ஓடற பிரஷர் அலை வால்வு மூடறதுக்கு முன்னாடி இன்னும் கொஞ்சம் காத்தை உள்ள தள்ளும், சிலிண்டர் சைஸை விட கொஞ்சம் அதிகமாவே ரொம்பும், அதெல்லாம் சேந்து தான் அந்த 37. அதுக்கு மேல பவர் வேணும்னா முதல் வழி, அதே வேலைய நிமிஷத்துக்கு இன்னும் நிறைய தடவை செய்யணும். புல்லட் அதோட முழு பவரை 6,100 ஆர்பிஎம்ல, அதாவது நிமிஷத்துக்கு 6,100 சுத்துல குடுக்குது, ஆர்ஆர் 9,700ல, அந்த வி8 18,000ல. 18,000னா ஒரே ஒரு செகண்டுல ஒரு சிலிண்டர்ல 150 தடவை நெருப்பு பத்தி அணையுதுடா, யோசிச்சு பாரு.

அப்ப புல்லட்டையும் 18,000 சுத்த விட்டா ஆச்சேன்னு தருண் கேப்பான், கேக்கணும். போர் ஸ்ட்ரோக் அளவை பாக்க சொல்லு, போர்னா சிலிண்டர் வாயோட அகலம், ஸ்ட்ரோக்னா பிஸ்டன் ஏறி இறங்கற தூரம். புல்லட் 72க்கு 85.8 மில்லிமீட்டர், ஆர்ஆர் 80க்கு 62.1, வி8 98க்கு 39.7. வாய் அகலமாகிட்டே போவுது, பிஸ்டன் ஏறி இறங்கற தூரம் குறைஞ்சுட்டே போவுது. இப்ப ஒரு கணக்கு போட்டு பாரு, ஸ்ட்ரோக்கை மீட்டராக்கி ரெண்டால பெருக்கி ஆர்பிஎம்மால பெருக்கி 60ஆல வகுத்தா பிஸ்டனோட சராசரி வேகம் கிடைக்கும். புல்லட்டுக்கு செகண்டுக்கு 17 மீட்டர், ஆர்ஆருக்கு 20, அந்த 18,000 ஆர்பிஎம் வி8க்கே 24 தான் வருது. ஆர்பிஎம் மூணு மடங்கு, பிஸ்டன் வேகம் ஒண்ணரை மடங்கு கூட ஏறல. இந்த ஒரு கணக்கை அவன் தன் கையால போட்டு பாத்துட்டான்னா பாதி எஞ்சின் படிப்பு முடிஞ்ச மாதிரி, நான் ஷாப்ல புதுசா வர்ற பசங்களுக்கு முதல்ல இதை தான் போட சொல்லுவேன்.

வேகம் ஏறலன்னா சிரமம் இல்லன்னு அர்த்தம் இல்ல. அந்த வி8ல மேல போய் நின்னு திரும்பற நொடில பிஸ்டன் மேல வர்ற இழுப்பு புவி ஈர்ப்பை போல எட்டாயிரம் மடங்குக்கு மேல, பிஸ்டன் கால் கிலோன்னு வச்சுக்கிட்டா ரெண்டு டன் பாரம் ஒவ்வொரு சுத்துக்கும் கனெக்டிங் ராடை பிச்சு இழுக்குது. அதனால தான் ரேஸ் பிஸ்டனோட உருவமே வேற. புல்லட் பிஸ்டன் கைல எடுத்தா டம்ளர் கணக்கா உயரமா கனமா இருக்கும்ல, ரேஸ் பிஸ்டன்ல கீழ இறங்கற சுவரை, அதாவது ஸ்கர்ட்டை, ரெண்டு பக்கமும் வழிச்சு எடுத்துட்டு, கனெக்டிங் ராடோட கோக்கற பின்னு தாங்கற இடமும் சிலிண்டர் சுவரை தொடற சின்ன பட்டையும் மட்டும் நிறுத்தி வச்சிருப்பாங்க, பின்னும் கட்டையா இருக்கும், ரிங்கு எல்லாம் மெல்லிசா மேல ஒட்டிக்கிட்டு இருக்கும், ஒவ்வொரு கிராமும் யோசிச்சு எடுத்தது. நானும் இத்தனை வருஷம் பிஸ்டன் பாத்துட்டேன், அந்த மாதிரி ஒண்ணோட படம் பாத்தா இப்பவும் அப்படியே உக்காந்துடுவேன்.

அடுத்து வால்வு ஸ்பிரிங்கு. ஒரு அளவுக்கு மேல சுத்துனா ஸ்பிரிங்கால வால்வை அதை தள்ளி திறக்கற கேம் கூடவே திருப்பி கொண்டு வர முடியாது, வால்வு மிதக்க ஆரம்பிச்சுடும், பிஸ்டன் மேல வந்து இடிச்சா கதை முடிஞ்சுது. ரெனோக்காரன் 1986ல கம்பி ஸ்பிரிங்கையே தூக்கிட்டு அந்த இடத்துல அழுத்தி அடைச்ச கேஸை வச்சான், கேஸுக்கு எடையும் இல்லாத மாதிரி தான், கம்பி மாதிரி அதிர்ந்து களைச்சு உடையறதும் இல்ல. அது வந்தப்புறம் தான் ஆர்பிஎம் ஏற ஆரம்பிச்சுது, 2006ல காஸ்வொர்த் கம்பெனியோட வி8 20,000ஐ தொட்டுது, அப்புறம் ரூல் போட்டு 2007ல 19,000, 2009ல 18,000னு இறக்குனாங்க.

இன்னொரு வழி டர்போ, காத்தை அமுக்கி உள்ள தள்றது, அதே சிலிண்டர்ல ரெண்டு மூணு பங்கு காத்து போச்சுன்னா ரெண்டு மூணு பங்கு பெட்ரோல் எரியும், அவ்வளவு தான். 1980கள்ல பிஎம்டபிள்யூ ரோட்டுல ஓடற கார் எஞ்சினோட இரும்பு பிளாக்கை வச்சே 1.5 லிட்டர் நாலு சிலிண்டர்ல இருந்து ரேஸுக்கு முன்னாடி இடம் பிடிக்க ஓட்டற குவாலிஃபையிங்ல 1,000 எச்பிக்கு மேல எடுத்தான், ஆனா சில லேப்பு தான் தாங்கும். 2014ல வந்த 1.6 லிட்டர் வி6ல கதை மாறிடுச்சு, மணிக்கு 100 கிலோ பெட்ரோலுக்கு மேல போகக்கூடாதுன்னு அப்ப ரூல் போட்டாங்க, அப்ப யாரு அதே பெட்ரோல்ல வீணாக்காம அதிகமா எடுக்கறாங்களோ அவங்க தான் ராஜா, 2017ல மெர்சிடிஸ் டெஸ்ட் பெஞ்சுல பெட்ரோல்ல இருக்கற சக்தில பாதிக்கு மேல ஓட்டற சக்தியா மாத்தி காட்டிட்டோம்னு அறிவிச்சான். நம்ம ரோட்டுல ஓடற பெட்ரோல் வண்டி எல்லாம் அதுக்கு ரொம்ப கீழ.

இப்ப தருண் காருக்கு வா, எனக்கு முக்கியமா சொல்ல வேண்டியது இது தான். அவங்க டீம் கேடிஎம் 390 எஞ்சின், அந்த 373 சிசி சிங்கிள் சிலிண்டரை போடறாங்கன்னு சொன்ன. நல்ல எஞ்சின் தான், 89க்கு 60, ஸ்டாக்லயே 43 எச்பி. ஆனா ஃபார்முலா பாரத் மாதிரி ஸ்டூடண்ட் போட்டில எஞ்சினுக்கு போற மொத்த காத்தும் 20 மில்லிமீட்டர் ஓட்டை வழியா தான் போகணும்னு ரூல் இருக்கு. அந்த ஓட்டைல காத்து சத்தத்தோட வேகத்தை தொட்டுட்டா அதுக்கு மேல எவ்வளவு உறிஞ்சுனாலும் வராது, செகண்டுக்கு 74 கிராம் தான் உச்சம். சராசரியா பாத்தா சிங்கிள் சிலிண்டருக்கு அது தாராளம், ஆனா அது சராசரியாவா குடிக்குது, ரெண்டு சுத்துக்கு ஒரு தடவை மடக்குன்னு இழுக்குது, அந்த நேரம் ஓட்டை அடைச்சுக்குது, மிச்ச நேரம் சும்மா கிடக்குது. அதனால அந்த ஓட்டை இருக்கற ரெஸ்ட்ரிக்டருக்கும் எஞ்சினுக்கும் நடுவுல காத்தை சேத்து வைக்கற பிளெனம் டப்பா பெருசா இருக்கணும், எஞ்சின் இழுக்காத நேரத்துல டப்பா ரொம்பிக்கும். ரொம்ப பெருசா வச்சா திராட்டில் முறுக்குனா லேட்டா தான் பதில் வரும், அந்த சைஸை பெஞ்சுல போட்டு தான் பிடிக்கணும். ஆர்பிஎம் லிமிட்டை ஏத்தறேன், கேம் மாத்தறேன்னு சீனியர் பசங்க சொன்னா அதுல காசை கொட்ட வேணாம்னு சொல்லு, இன்டேக் நீளமும் எக்ஸாஸ்டும் 6,000ல இருந்து 8,000 நடுவுல நல்லா இழுக்கற மாதிரி ட்யூன் பண்ணட்டும். போட்டி நடக்கற கோயம்புத்தூர் கரி ஸ்பீட்வேல கோன் வச்ச அந்த வளைவு ட்ராக்ல மேல் ஆர்பிஎம்முக்கு போற நேரமே கம்மி, திருப்பத்துல இருந்து வெளிய வர்றப்ப இழுக்கறது தான் டைம் குறைக்கும்.

ஹெட்டை கழட்டுனாங்கன்னா போர்ல ஹோனிங் கோடு இன்னும் தெரியுதான்னு டார்ச் அடிச்சு போட்டோ எடுத்து அனுப்ப சொல்லு, அழிஞ்சு கண்ணாடி ஆகி இருந்தா சிலிண்டரை நம்ம பஸ்ல குடுத்து விடு, என்ன பண்ணலாம்னு நேர்ல பாத்து சொல்றேன். பிளெனம் டிராயிங்கையும் அனுப்பட்டும். ஆடி பதினெட்டுக்கு ஒகேனக்கல் போலாம்னு அண்ணன் சொல்லிட்டு இருக்கான், நீயும் தங்கச்சியும் தருணையும் கூட்டிட்டு வந்துடுங்க, அம்மா உன்னை கேட்டுட்டே இருக்காங்க.

அன்புடன்
முனிராஜ்