கேமராவுக்குப் பின்னால் இருந்தவர்

ஆசிரியருக்கு,

கிரேக்க இயக்குநர் தியோ ஆஞ்சலோபுலோஸ் பற்றிய கட்டுரையை ஆசையோடு படித்தேன். ஆனால் ஒளிப்பதிவாளர் யோர்கோஸ் அர்வனிடிஸின் பெயர் ஓரிடத்தில்கூட இல்லாதது மனதை உறுத்தியது. 1970-இல் வந்த முதல் முழுநீளப் படத்திலிருந்து இருவரும் ஏறத்தாழ 30 ஆண்டுகள் சேர்ந்து உழைத்தவர்கள்.

சுற்றுலா விளம்பரங்களில் வரும் நீலக்கடல் கிரேக்கத்தை அர்வனிடிஸ் காட்டவில்லை. மழை, மூடுபனி, ஈரச் சாலை, சாம்பல் வானம், இவைதான். ‘பயண நடிகர்கள்’ (1975) கிட்டத்தட்ட 4 மணி நேரம் ஓடும்; மொத்தமே சுமார் 80 ஷாட்டுகள்தான். கேமரா மெல்ல நகர நகர, ஒரே ஷாட்டுக்குள் கதை நடக்கும் வருடமே மாறிவிடும்! அப்புறம், 1988-இல் வந்த ‘மூடுபனியில் ஒரு நிலக்காட்சி’ படத்தில் தெசலோனிகி நகரக் கடலிலிருந்து எழும் அந்தப் பிரம்மாண்டக் கல் கை. அந்த மங்கிய வெளிச்சம் இல்லாவிட்டால் அதற்கு அவ்வளவு கனம் வந்திருக்காது.

அவரைப் பற்றித் தனியாக ஒரு பக்கம் எழுதுங்கள்.

– ஒரு வாசகர், மதுரை