எங்கள் படத்துக்குக் கைகொடுத்த வன்னி உறவுகளுக்கு

அன்பான உறவுகளே,

கிளிநொச்சியில் படம் ஓடி முடிந்த இரவே மேடையேறி நன்றி சொல்ல நினைத்திருந்தேன். மைக்கைக் கையில் வாங்கியதும் தொண்டை அடைத்துவிட்டது. "எல்லாருக்கும் நன்றி" என்று இரண்டு சொல்லோடு இறங்கிவிட்டேன். அது போதாது. அதனால்தான் இந்த மடல்.

உங்களில் பலருக்கு என்னைப் பொற்கொல்லனாகத்தான் தெரியும். முள்ளியவளையில் கோவலன் கூத்து ஆடினால் கோவலன் வேறொருவர், கண்ணகி வேறொருவர். சிலம்பைத் திருடிவிட்டுப் பழியை அடுத்தவன் தலையில் போடுகிறவன் நான். முல்லைத்தீவுக் கூத்துப் பாணியான முல்லைமோடி ஆட்டத்தை எனக்குப் பழக்கிய கூத்து ஆசான், எங்கள் அண்ணாவியார், இன்று இல்லை. "கோவலனுக்காகச் சனம் அழவேணும், உன்னைத் திட்டவேணும். அப்பதான் கூத்துச் சரி" என்பார். ஒருமுறை வற்றாப்பளைப் பொங்கலுக்குப் போனபோது ஒரு ஆச்சி என்னை மறித்து, "பாவி, நீதானே அந்தப் பிள்ளையைக் கொல்லக் குடுத்தனீ" என்று கேட்டார். அதைவிடப் பெரிய விருது எனக்கு இதுவரை கிடைத்ததில்லை. என் முதல் நன்றி அண்ணாவியாருக்கு.

2009 போரில் கூத்து உடுப்பு, மத்தளம் எல்லாம் போயின. மீளக் குடியேறிய பிறகு குறும்படம் எடுக்கிற பெடியள் தேடி வந்தார்கள். தகப்பன், தபாற்காரர், வட்டிக்காரர் என்று கேட்டதையெல்லாம் நடித்தேன். அவர்களில் ஒரு தம்பி நல்ல கதையொன்று கொண்டுவந்தார். காசு போடத்தான் ஆளில்லை. சரி, நானே போடுகிறேன் என்று சொல்லிவிட்டேன்.

நடித்துக்கொண்டே தயாரிப்பாளரானவர்கள் எங்களுக்கு முன்பும் இருந்தார்கள். கே. பாலாஜி வில்லனாகவும் துணைப் பாத்திரங்களிலும் நடித்தவர். 'சுஜாதா சினி ஆர்ட்ஸ்' தொடங்கி எத்தனையோ படங்கள் தயாரித்தார். ஆனால் அவருக்குப் பக்கத்தில் கோடம்பாக்கம் இருந்தது. எங்களுக்கு ஒரு லயிற் வேண்டுமென்றாலும் யாழ்ப்பாணத்திலிருந்தோ கொழும்பிலிருந்தோ ஏ9 வீதியால் வரவேண்டும். மழை பெய்து படப்பிடிப்பு நின்றாலும் கமரா வாடகை நிற்காது. பெரும்போக நெல் விற்ற காசு 5 நாளில் முடிந்தது. கடன் கேட்டுப் போன இடத்தில், படத்துக்குப் பிணை இல்லை என்றார்கள்.

அதற்குப் பிறகு அந்தப் படத்தைத் தூக்கி நிறுத்தியது நீங்கள்தான். பரந்தன் பக்கத்து அரிசி ஆலைக்காரர் ஜெனரேற்றரைத் தந்து டீசலும் தானே நிரப்பினார். இரணைமடு வாய்க்கால் கரையில் கமரா தள்ளத் தண்டவாளம் இல்லாமல் நின்றபோது, ஒரு தம்பி தன் உழவு இயந்திரப் பெட்டியில் கமராவை ஏற்றச் சொன்னார். வரம்பில் குலுக்காமல் ஊர்ந்து ஊர்ந்து ஓட்டினார். 9 முறை எடுத்தோம். ஒருமுறைகூட முகம் சுளிக்கவில்லை. படத்தில் எல்லோரும் பாராட்டுகிற காட்சி அதுதான்.

அப்புறம், எங்கள் பக்கத்து வளவு மாமி. படப்பிடிப்பு நடந்த 11 நாளும் 22 பேருக்கு அவர்தான் சமையல். விடிய 4 மணிக்கே இடியப்பம் அவிந்துகொண்டிருக்கும், சொதி அடுப்பில் இருக்கும். கடைசி நாள் காசை நீட்டினேன். மா ஒட்டிய கையால் என் கையைத் தள்ளிவிட்டு, "முதல் போய்ப் பெடியளைச் சாப்பிடச் சொல்லு" என்றார். திரையில் அவர் பெயர் வந்தபோது பேத்தி கைநீட்டிக் காட்டினாள். மாமி கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டுவதற்குள் பெயர் மேலே போய்விட்டது. மாமி, முள்ளியவளையில் அடுத்த முறை போடும்போது உங்கள் பெயர் இன்னும் கொஞ்ச நேரம் திரையில் நிற்கும். தொகுப்பு செய்கிற தம்பியிடம் சொல்லி மாற்றிவிட்டேன்.

கதிரை தந்த வாசிகசாலைப் பிள்ளைகள், தன் வீட்டு முற்றத்தையே தபாற்கந்தோராக்க விட்ட அக்கா, வெளிநாட்டிலிருந்து கேட்காமலே காசு அனுப்பிய பள்ளித் தோழன் என்று ஒரு பெரிய சீஆர் கொப்பி (குறிப்பேடு) நிறைய எழுதி வைத்திருக்கிறேன். யார் பெயராவது விடுபட்டிருந்தால் வீட்டுக்கு வந்து உரிமையோடு கேளுங்கள்.

மாமியின் பெரிய கிடாரம் இன்னும் எங்கள் குசினியில்தான் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை கொண்டுவந்து தருகிறேன்.

அன்புடன்,
உங்கள் பொற்கொல்லன்