மறுத்தாலாவது மேல்முறையீடு செய்யலாம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அணைக்கட்டு வட்டத்தில் உள்ள எங்கள் ஊர்த் தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கம், பூச்சிமருந்து விற்க உரிமம் கேட்டு விண்ணப்பித்துப் பல மாதங்கள் ஆகிவிட்டன. தருகிறோம் என்றும் சொல்லவில்லை, தரமுடியாது என்றும் சொல்லவில்லை. உரிமம் தரும் அலுவலகத்தில் கேட்டால் "ஃபைல் மேலே போயிருக்கு" என்கிறார்கள். மேலே போய்க் கேட்டால், கீழே அறிக்கை கேட்டிருக்கிறோம் என்கிறார்கள்.

கடன் கொடுக்கிற சங்கத்துக்கு மருந்துக்கடை எதற்கு என்று சிலர் நினைக்கலாம். பயிர்க்கடனில் ஒரு பகுதியை உரமாகவே தருகிற சங்கம்தான் இது. எங்கள் பக்கத்து இலவம்பாடி முள்ளுக் கத்தரிக்காய்க்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தது, பத்திரிகைகளிலும் வந்தது. அந்தச் செடியைக் காப்பாற்றுவது எவ்வளவு பாடு என்பது போட்டவனுக்குத்தான் தெரியும். காய்த்துளைப்பான் முதலில் இளங்குருத்தைத் துளைக்கும், குருத்து வாடித் தொங்கும். அந்த நேரத்தில் கிள்ளி எரித்து, தேவையானால் மருந்தும் அடித்துவிட வேண்டும். புழு காய்க்குள் போய்விட்டால் மருந்து எட்டாது. அந்த அவசரத்தில் கையில் காசில்லாதவர் கடன் தருகிற கடைக்குத்தான் போகிறார். கடைக்காரர் எடுத்து வைப்பதை வாங்கி வருகிறார். ஒன்று கேட்டால் மூன்று புட்டி, அதற்குப் பில்லும் கிடையாது. எல்லாக் கடைக்காரரும் இப்படி என்று சொல்லமாட்டேன். ஆனால் சங்கத்தில் வாங்கினால் ரசீது இருக்கும், போலி மருந்து என்றால் யாரைக் கேட்பது என்றும் தெரியும்.

விண்ணப்பத்தில் குறை இருக்கலாம். மருந்து விற்பவருக்குக் கல்வித்தகுதி வேண்டும் என்று விதி இருக்கிறது, அது நல்ல விதிதான். விற்பனையாளரின் சான்றிதழ் போதாது என்றால் எழுத்தில் சொல்லட்டும், ஆளை மாற்றிக்கொள்கிறோம். மருந்து வைக்கிற அறை சரியில்லை என்றால் வேறு அறை பார்க்கிறோம். 1968-ஆம் ஆண்டின் பூச்சிக்கொல்லிச் சட்டப்படி உரிமம் மறுக்கப்பட்டால், அந்த முடிவு தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து 30 நாட்களுக்குள் மேல்முறையீடு செய்யலாம். முடிவே சொல்லாமல் இருந்தால் எந்தத் தேதியிலிருந்து நாள் எண்ணுவது?

இதற்கு வழி நம் சட்டங்களிலேயே இருக்கிறது. உணவுத் தொழிலுக்கு உரிமம் தருகிற உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணயச் சட்டத்தில், விண்ணப்பித்து இரண்டு மாதத்துக்குள் உரிமமும் தராமல் மறுக்கவும் செய்யாவிட்டால் தொழிலைத் தொடங்கிவிடலாம். மருந்துக்கு அந்தச் சலுகையை நான் கேட்கவில்லை. விஷம் அது, ஆய்வு செய்யாமல் யாரும் விற்கக்கூடாது. தகவல் உரிமைச் சட்டம் வேறு வழி சொல்கிறது. 30 நாளில் பதில் வராவிட்டால் மறுத்துவிட்டதாகவே கருதி மேல்முறையீட்டுக்குப் போகலாம். அதே ஏற்பாடு உரிம விண்ணப்பங்களுக்கும் வந்தால், ஃபைல் எந்த மேசையில் தூங்கினாலும் நாங்கள் அடுத்த படிக்குப் போக முடியும்.

தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டுப் பார்க்கலாமே என்று நண்பர் ஒருவர் சொன்னார். சரி, கேட்கிறோம். அதையும் சங்கத்தின் பெயரில் கேட்டால் சிக்கல், அந்த உரிமை குடிமக்களுக்குத்தான். அதனால் உறுப்பினர் ஒருவர் தன் பெயரில் 10 ரூபாய் கட்டிக் கேட்க வேண்டும். கூட்டுறவு சங்கம் அமைப்பது அடிப்படை உரிமை என்று அரசியலமைப்பின் 19-ஆவது பிரிவிலேயே 2012 முதல் இருக்கிறது. அப்படி அமைத்த சங்கத்தின் விண்ணப்பம் எங்கே இருக்கிறது என்று கேட்கத் தனி ஆளாகப் போக வேண்டியிருக்கிறது!

2019-ல் பழைய வேலூர் மாவட்டத்தை வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் என்று மூன்றாகப் பிரித்தார்கள். நிர்வாகம் மக்களுக்குப் பக்கத்தில் வரும் என்றார்கள். திருப்பத்தூர்க்காரர்களுக்கு வேலூர் வரை அலைகிற வேலை குறைந்தது உண்மை. எங்களுக்கு ஆட்சியர் அலுவலகம் இருக்கும் சத்துவாச்சாரி முன்பும் பக்கம்தான், இப்போதும் பக்கம்தான். குறைதீர் கூட்டத்தில் மனு கொடுத்தால் அது சுற்றி அதே அலுவலகத்துக்கே போய்ச் சேர்கிறது.

நிலுவையில் இருக்கும் உரிம விண்ணப்பங்களை, எந்தத் தேதியில் வந்தது, இப்போது யாரிடம் இருக்கிறது என்ற விவரத்தோடு அலுவலக அறிவிப்புப் பலகையில் மாதம் ஒருமுறை ஒட்ட மாவட்ட நிர்வாகம் உத்தரவிடலாம். இதற்குப் புதிய சட்டம் தேவையில்லை. ஆடிப்பட்டம் வருவதற்குள் செய்தால் எங்களுக்கு உபயோகமாக இருக்கும்.

இப்படிக்கு,
சங்க உறுப்பினர் ஒருவர்,
அணைக்கட்டு வட்டம், வேலூர் மாவட்டம்.