ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் பழைய போர்வை கேட்பது எதற்காக?

அன்புள்ள பெற்றோர்களுக்கு வணக்கம்.

ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் வீட்டில் பழைய போர்வை, சேலை எல்லாம் கேட்டு நச்சரிக்கிறார்களாம். ஓவிய வகுப்புக்குப் போர்வை எதற்கு என்று சில பெற்றோர் நேரில் வந்தே கேட்டீர்கள். நியாயமான கேள்விதான். எல்லோருக்குமாக இங்கே எழுதிவிடுகிறேன்.

இந்தப் பருவத்தில் பிள்ளைகள் பார்த்துவருவது தென்கொரியக் கலைஞர் கிம்சூஜாவின் படைப்புகளை. 1957-ல் தேகு நகரில் பிறந்தவர். அப்பா ராணுவத்தில் இருந்ததால் அடிக்கடி வீடு மாறிய குடும்பம். ஓவியம் படித்துக்கொண்டு வந்தவர், 1983-ல் ஒருநாள் அம்மாவோடு உட்கார்ந்து போர்வை தைக்கும்போது, துணியில் ஊசி இறங்கிய நொடியில் தன் வழி எது என்று புரிந்ததாகச் சொல்கிறார். அப்புறம் பழைய துணிதான் அவர் கைப்பொருள். கொரியாவில் புதுமணத் தம்பதிகளுக்குக் கொடுக்கும் பளிச்சென்ற படுக்கை விரிப்புகளில், யாரோ உடுத்திக் கழித்த துணிகளை வைத்து மூட்டை கட்டுவார். 1997-ல் அந்த மூட்டைகளை லாரியில் ஏற்றி, மேலே தானும் உட்கார்ந்து, குடும்பம் முன்பு வாழ்ந்த ஊர்கள் வழியாக 11 நாட்களில் 2,727 கிலோமீட்டர் போனார். வீடியோவில் அவர் முதுகும் மூட்டைகளும் மலைச்சாலையும்தான் தெரியும். மூட்டை முடிச்சோடு ஊர் மாறி வந்த குடும்பங்கள் நம் பள்ளியிலும் உண்டு. அந்தப் பிள்ளைகளுக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

வகுப்பையே கட்டிப்போட்டது 'ஊசிப் பெண்' வீடியோதான். 1999 முதல் 2001 வரை டோக்கியோ, ஷாங்காய், டெல்லி, நியூயார்க், மெக்சிகோ சிட்டி, கெய்ரோ, லாகோஸ், லண்டன் என எட்டு நகரங்களில் எடுத்தது. ஒவ்வொன்றும் ஆறரை நிமிடம், சத்தமே கிடையாது. சாம்பல் நிற உடையில், கூந்தல் முதுகில் நீளமாகத் தொங்க, ஜனநெரிசல் நடுவே கேமராவுக்கு முதுகைக் காட்டி அசையாமல் நிற்கிறார். டோக்கியோவில் கூட்டம் ஒரு தூணைச் சுற்றிப் போவதுபோல் விலகிப் போகிறது. டெல்லியில் திரும்பித் திரும்பிப் பார்க்கிறார்கள். முகத்தை ஏன் காட்டவில்லை என்று ஒரு மாணவி கேட்டாள். அவர் முகம் மறைந்திருப்பதால்தான் எதிரே வருகிறவர்களின் முகத்தை நாம் விடாமல் பார்க்கிறோம் என்பது என் எண்ணம். உலகத்துக்குள் தான் யார் என்று ஒரு பிள்ளை யோசிக்க இதைவிட எளிய வழி எனக்குத் தெரியவில்லை. அதனால்தான் ஓவிய ஆசிரியை கேட்டதும் சரி என்றேன்.

பிள்ளைகள் செய்யப்போவது இரண்டு காரியம். மதிய இடைவேளையில் தண்ணீர்க் குழாய் பக்கமோ சைக்கிள் நிறுத்துமிடத்திலோ சில நிமிடம் அசையாமல் நின்று, கண்ணில் பட்டதை எழுதுவார்கள். பள்ளியின் செல்போனில் ஆசிரியை அதைப் பதிவுசெய்வார். அது வாட்ஸ்அப் உட்பட எங்கும் போகாது. அடுத்து, வீட்டிலிருந்து கொண்டுவரும் துணியில் மூட்டை கட்டுவார்கள். புதுத்துணி வாங்க வேண்டாம். பாட்டியின் கிழிந்த சேலை போதும். ஆனால் அது யாருடையது, எப்போது எடுத்தது என்று பிள்ளையிடம் பத்து நிமிடம் பேசுங்கள். எழுத வேண்டியதும் அந்தக் கதையைத்தான். துணி பத்திரமாகத் திரும்பி வரும்.

எல்லாம் ஓவியப் பாடவேளைக்கும் இடைவேளைக்கும் உள்ளேயே முடிந்துவிடும்; கணக்கு, அறிவியல் வகுப்புகளில் கை வைக்கமாட்டோம். வீடியோவில் வர விருப்பமில்லாத பிள்ளை எழுத்துப் பயிற்சி மட்டும் செய்யலாம், மதிப்பெண் குறையாது. கீழே உள்ள சம்மதச் சீட்டில் கையெழுத்திட்டு வெள்ளிக்கிழமைக்குள் வகுப்பாசிரியரிடம் கொடுத்தனுப்புங்கள்.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்