படத்தை எங்கள் தோட்டத்துக்குக் கொண்டு வாருங்கள்: ஆவணப்படக் குழுவினருக்குத் திறந்த மடல்

மதிப்பிற்குரிய குழுவினருக்கு வணக்கம்.

எங்கள் தோட்டத்துத் தவில் தம்பியின் இசைப் பயணத்தைப் பின்தொடர்ந்து நீங்கள் எடுத்த படம் போன மாதம் கோலாலம்பூரில் திரையேறியது. பினாங்கு, கிள்ளான், ஜொகூர் பாரு, சிங்கப்பூர் என்று அவன் வாசித்த மேடையெல்லாம் அதில் வருகிறதாம். நல்ல படம் என்கிறார்கள் பார்த்தவர்கள். சுங்கை சிப்புட்டில் இருக்கும் நாங்கள் இன்னும் பார்க்கவில்லை. "முதலில் உங்க ஊர்லதான் போட்டுக் காட்டுவோம்" என்று கோயில் வாசலில் நின்று சொன்னீர்களே, அந்த வார்த்தை என்ன ஆயிற்று?

அவனுடைய பாட்டியை உங்களுக்கு நினைவிருக்கும். காலமெல்லாம் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர், அதாவது ரப்பர் மரத்தில் பால் எடுத்தவர். தவிலின் வலந்தலையை, அதாவது வலக்கைப் பக்கத்தை, வாசிக்க விரல்களுக்குக் கூடு வேண்டும். துணி நாடாவில் பசை தடவி, விரலில் இறுக்கிச் சுற்றி, கெட்டியாகும்வரை காயவைக்க வேண்டும். சின்ன வயதிலிருந்தே அவனுக்குப் பசை காய்ச்சித் தருவது பாட்டிதான். அதைப் படம் பிடிக்க ஆசைப்பட்டீர்கள். வெயில் மாறிவிட்டது, கேமரா சரியாக வரவில்லை என்று திரும்பத் திரும்பக் காய்ச்சச் சொன்னீர்கள். முட்டி வலியோடு அடுப்படிக்கும் வாசலுக்கும் நடந்தார். ஒரு தடவைகூட முகம் சுளிக்கவில்லை. படமே அவர் கையைக் காட்டித்தான் தொடங்குகிறதாம். அதை அவர் பார்க்க வேண்டாமா?

கோலாலம்பூருக்கு அழைப்பு அனுப்பினீர்கள், சரி. இருநூறு கிலோமீட்டருக்கு மேல் பயணம். வேலை நாளில், இரவு ஒன்பது மணிக்குக் காட்சி. அந்த முட்டியோடு பாட்டி எப்படி பஸ்ஸில் உட்கார்ந்து வருவார்? தம்பியின் அம்மா மறுநாள் விடியற்காலைப் பிரட்டில், வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் இடத்தில், நிற்க வேண்டும். செம்பனை மரத்தடியில் உதிரிப்பழம் பொறுக்கப் போகாவிட்டால் அன்றையக் கூலி இல்லை.

எழுதிக் கேட்டோம். ஊரில் வசதியான அரங்கம் இல்லை என்று பதில் வந்தது. அதே கோயில் மண்டபத்தில்தானே அவன் வாசிப்பதைப் படமாக்கினீர்கள்? அப்போது இல்லாத குறை இப்போது எங்கிருந்து வந்தது?

தோட்டம் என்றாலே எல்லாரும் இப்படித்தான். லயத்து வீட்டையும் கிழவிகளின் கண்ணீரையும் எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். தோட்டத்தை விற்றுவிட்டு, இருக்கிறவர்களை வெளியேறச் சொல்லும் அன்று ஒரு கேமராவும் வராது. இதையெல்லாம் உங்கள் தலையில் கட்டுவது நியாயமில்லைதான். நாங்கள் கேட்பது ஒரே ஒரு காட்சி.

செலவுதான் காரணம் என்றால் அதையும் நாங்களே ஏற்கிறோம். தோட்டங்களைத் துண்டு துண்டாக விற்பதைத் தடுக்க 1960-இல் அப்போதைய அமைச்சர் துன் சம்பந்தன் கூட்டுறவுச் சங்கம் தொடங்கியபோது, பத்துப் பத்து வெள்ளியாகப் பணம் கட்டிச் சேர்ந்த ஆட்களின் பிள்ளைகள் நாங்கள். புரொஜெக்டரும் திரையும் வாடகைக்கு எடுக்க எங்களால் முடியும். நாற்காலி கோயிலில் இருக்கிறது. நீங்கள் படத்தை மட்டும் கொண்டு வந்தால் போதும்.

ஞாயிற்றுக்கிழமை மாலை என்றால் வேலைக்குப் போகிறவர்களும் வந்துவிடுவார்கள். தம்பி அடுத்த கச்சேரிப் பயணத்துக்குக் கிளம்புவதற்குள் வைத்தால் அவனும் இருப்பான். எந்த ஞாயிறு என்று தயவுசெய்து எழுதுங்கள்.

இப்படிக்கு,
தோட்ட மக்கள் சார்பில் ஒருவர்,
சுங்கை சிப்புட், பேராக்