ஞாயிறு பந்தயம்: துணைக் கருவிகள், டாஷ்போர்டு மோடுகள் குறித்து

உறுப்பினர்களுக்கு வணக்கம்.

அசெட்டோ கோர்சா என்ற கார் பந்தயக் கணினி விளையாட்டில் நாம் நடத்தும் ஞாயிறு பந்தயங்களில், ஓட்டுநருக்குத் தகவல் காட்டும் துணைக் கருவிகளையும் நீங்களே வடிவமைத்த டாஷ்போர்டுகளையும் பயன்படுத்தத் தடையில்லை. ஆனால் காரின் டேட்டா கோப்பில் கைவைத்தால், செக்சம் (கோப்பு மாறியிருக்கிறதா என்று காட்டும் சரிபார்ப்பு எண்) பொருந்தாமல் சர்வர் உங்களை வெளியேற்றிவிடும் என்பதால், பழைய மோடுகளை (விளையாட்டில் பயனர்கள் செய்யும் மாற்றங்களை) சோதித்தவர்கள் மூலக் கோப்புகளை மீட்டுவிட்டு வரவும்.

துணைக் கருவிகளான பைத்தான் ஆப்களை விளையாட்டின் ஆப்ஸ் கோப்புறைக்குள் இருக்கும் பைத்தான் கோப்புறையில் இட்டால் மட்டும் போதாது. விளையாட்டின் அமைப்புகளில் அவற்றுக்கு நேராக டிக் செய்த பிறகே திரையின் வலது ஓரப் பட்டியலில் அவை தோன்றும். போன வாரம் இதை மறந்து, டயர் வெப்பநிலை காட்டும் ஆப்பைத் தேடியே தகுதிச் சுற்றின் பாதியைத் தொலைத்தேன்.

விளையாட்டின் தகவல்களை வேறு திரையில் காட்டும் சிம்ஹப் மென்பொருளை வைத்திருப்பவர்கள் பழைய கைப்பேசியையே டாஷ்போர்டாக்கலாம். கணினியும் கைப்பேசியும் ஒரே வைஃபையில் இருக்க, கைப்பேசியின் பிரௌசரில் கணினியின் ஐபி முகவரியுடன் 8888 என்ற போர்ட் எண்ணைச் சேர்த்துத் தட்டினால் திரை வந்துவிடும். வராவிட்டால் பெரும்பாலும் ஃபயர்வால்தான் காரணம். இலவசப் பதிப்பில் நொடிக்கு 10 முறையே திரை புதுப்பிக்கப்படும். எரிபொருள் கணக்குக்கு அது தாராளம், கியர் மாற்றும் விளக்குகளுக்கு என் கண்ணுக்குப் போதவில்லை.

புதிய ஆப்களைப் பந்தய நாளன்று நிறுவ வேண்டாம். சனிக்கிழமைப் பயிற்சியிலேயே சோதித்துக்கொள்ளுங்கள்.